நகைச்சுவை நடிகை ஜீனாத் சித்கி

ஆப்பிரிக்கக் கண்டத்தின் வடகிழக்கு மூலையில் அமைந்துள்ள நாடு எகிப்து. நைல் ஆற்றுக்கும் பிரமிடுகளுக்கும் பெயர்பெற்ற அந்நாடு, திரைப்படக் கலையிலும் சிறந்து விளங்கியது. அதன் தலைநகராகிய கெய்ரோவில் உருவான படங்களை, அரபு மொழி பேசும் பிற நாட்டு மக்களும் விரும்பிப் பார்த்தனர். அப்படங்களின் வழியே எண்ணற்றோரை மகிழ்வித்த நடிகையருள் ஒருவர் ஜீனாத் சித்கி.

மத்தியதரைக் கடலோரத் துறைமுக நகரமான அலெக்சாந்திரியாவில், 20ஆம் நூற்றாண்டின் இரண்டாம் பத்தாண்டில் அவர் பிறந்தார். பெற்றோர் இட்ட பெயர் ஜைனப். இளமையிலேயே அவருக்கு நடிப்பில் நாட்டம் மிகுந்தது. ஆனால், பெண்கள் மேடையேறுவதை இழிவாகக் கருதிய காலம் அது. குடும்பத்தார் தடுத்தனர். கலையைக் கைவிட மனமில்லாத ஜைனப், தோழி ஒருத்தியுடன் வீட்டைவிட்டு வெளியேறினார். மேடைகளில் பாடியும் ஆடியும் வாழ்க்கையை நடத்தினார்.

பின்னர், கெய்ரோவில் புகழ்பெற்று விளங்கிய நகைச்சுவை நடிகர் நஜீப் அர்-ரிஹானியின் நாடகக் குழுவில் சேர்ந்தார். ஜைனப் என்னும் பெயர் ஜீனாத் என மாறியது. தோழியின் பெயரிலிருந்த சித்கி என்பதையும் அவர் தம் பெயருடன் இணைத்துக்கொண்டார். உற்றார் கைவிட்டபோது உடன்வந்த நட்பு, இவ்வாறு அவர் பெயரிலேயே நிலைபெற்றது.

நாடக மேடையிலிருந்து திரைக்கு வந்த ஜீனாத், நூற்றுக்கும் மேற்பட்ட படங்களில் நடித்தார். பணிப்பெண், வாயாடி, மணமாகாமல் காலம் கடந்த பெண் முதலிய வேடங்களே அவருக்குப் பெரும்பாலும் கிடைத்தன. 1957ஆம் ஆண்டு வெளிவந்த இப்னு ஹமிதோ என்னும் படத்தில், திருமணத்திற்கு ஏங்கும் மீனவர் மகளாக நடித்தார். புகழ்மிக்க நடிகர் இஸ்மாயில் யாசீனும் அப்படத்தில் நடித்திருந்தார்.

மணமாகாத பெண்ணை ஊரார் எள்ளி நகைப்பதுண்டு. கதைகளும் பெரும்பாலும் அவளைக் கேலிப்பொருளாகவே படைத்தன. ஜீனாத்தோ அவளுக்குக் கூரிய நாவையும் தளராத தன்மானத்தையும் அளித்தார். அவர் பேசத் தொடங்கினால் எள்ளியவரே வாயடைத்து நிற்பர். மக்கள் அவளைப் பார்த்துச் சிரித்தனர். சிரித்தவாறே அவளை விரும்பவும் செய்தனர்.

காலம் மாறியது. 1960களுக்குப் பின் வாய்ப்புகள் குறைந்தன. வறுமை சூழ்ந்தது. வீட்டுப் பொருள்களை ஒவ்வொன்றாக விற்று அவர் வாழ்ந்தார் என்பர். எனினும், நாடு அவரை முற்றிலும் மறந்துவிடவில்லை. 1976இல் நடைபெற்ற கலை விழாவில் குடியரசுத் தலைவர் அன்வர் சாதாத் அவரைச் சிறப்பித்தார். அவ்விழாவிற்கு உடுத்திச் செல்ல நல்லாடையின்றி, இரவல் ஆடையில் சென்றதாகக் கூறுவர். இரண்டு ஆண்டுகளுக்குப் பின், 1978இல் அவர் காலமானார்.

அவரைப் பற்றி எகிப்து மக்கள் இன்றும் நினைவுகூரும் செய்தி ஒன்று உண்டு. வசதியாக வாழ்ந்த நாளில் அவர் ஒரு கல்லறை இடத்தை அமைத்தாராம். அடக்கம் செய்ய இடமில்லாத ஏழைகளுக்கும் வழிப்போக்கர்களுக்கும் அதனைத் திறந்துவைத்தாராம். உறவினரால் விலக்கப்பட்ட அவர், யாருமற்றவர்க்கு உறவானார்.

சிந்தித்து விடையளிக்க

1. ஜைனப், ஜீனாத் சித்கி ஆனது எவ்வாறு?
2. கேலிக்குரிய பாத்திரங்களுக்கு ஜீனாத் எவ்வாறு பெருமை சேர்த்தார்?
3. பிறரைப் புண்படுத்தும் சிரிப்பு, பிறரை மகிழ்விக்கும் சிரிப்பு ஆகியவற்றின் வேறுபாட்டை ஐந்து வரிகளில் எழுதுக.