பட்டம் கைநழுவியது, பேனா கைவிடவில்லை

பள்ளிக் காலத்தில் காலைதோறும் நெஞ்சில் கை வைத்துத் தேசியப் பற்றுறுதி எடுத்திருக்கிறோம். அதற்கு அடித்தளமான வரைவை எழுதியவர் ஒரு சிறுகதை எழுத்தாளர் என்பது நம்மில் எத்தனை பேருக்குத் தெரியும்?

அவர் எஸ். ராஜரத்னம். 1915ஆம் ஆண்டு யாழ்ப்பாணத்தின் வட்டுக்கோட்டையில் பிறந்தவர். வளர்ந்தது மலாயாவின் சிரம்பானில். சட்டம் படிக்க லண்டன் கிங்ஸ் கல்லூரிக்குச் சென்றார். இரண்டாம் உலகப் போரால் வீட்டிலிருந்து பணம் வருவது நின்றுபோனது. படிப்பை முடிக்க முடியாமல், பிழைப்புக்காக எழுதத் தொடங்கினார். வறட்சியிலும் பசியிலும் வாடும் கிராமத்து மக்களைப் பற்றி ஆங்கிலத்தில் சிறுகதைகள் எழுதினார்.

போருக்குப் பிறகு சிங்கப்பூரில் செய்தியாளரானார். காலனி ஆட்சியைத் துணிந்து விமர்சித்தார். 1954ஆம் ஆண்டு மக்கள் செயல் கட்சியைத் தொடங்கியவர்களில் ஒருவரானார். 1957ஆம் ஆண்டு மலாயா வானொலிக்காக ஆறு பகுதி நாடகம் எழுதினார். பல இனத்தவர் ஒரே தேசமாவது எப்படி என்பதே அதன் கரு.

1959ஆம் ஆண்டு கலாசார அமைச்சரானார். 1963 பிப்ரவரி 15ஆம் தேதி சிங்கப்பூரில் தொலைக்காட்சிச் சேவையைத் தொடங்கி வைத்தவரும் அவரே. அன்று இந்நாட்டைப் பற்றிய 15 நிமிட ஆவணப்படமும் ஒளியேறியது.

ஆனால், நாடகத்தில் அவர் எழுப்பிய கேள்விக்கு எளிதில் விடை கிடைக்கவில்லை. 1964ஆம் ஆண்டு இனக் கலவரங்கள் உயிர்களைப் பறித்தன. மறு ஆண்டு சிங்கப்பூர், மலேசியாவிலிருந்து பிரிந்தது. அந்தக் காயங்கள் ஆறாத நிலையில், வெளியுறவு அமைச்சராக இருந்த அவர் 1966 பிப்ரவரியில் பற்றுறுதி வரைவை எழுதினார். அது வெறும் சடங்குக்காக எழுதப்பட்டதன்று; பிளவு எவ்வளவு விலை கேட்கும் என்று கண்டவரின் எழுத்து.

சொற்களால் வாழ்ந்தவரின் நினைவை இறுதிக் காலத்தில் முதுமை மறதி நோய் பறித்துக்கொண்டது. 2006ஆம் ஆண்டு, 90 வயதில் மறைந்தார்.

எந்தத் துறையைத் தேர்ந்தெடுப்பது என்று தவிக்கும் என் போன்ற இளையருக்கு அவர் வாழ்க்கை ஆறுதல் தருகிறது. கதை, செய்தி, நாடகம், அரசியல் எனத் துறைகள் மாறின. அவர் மனத்திலிருந்த கேள்வி மாறவில்லை. ஞாயிறு மாலை தேக்காவில் தமிழும் வங்காளமும் சீனமும் மலாயும் கலந்து ஒலிக்கும்போது தோன்றுகிறது: அந்தக் கேள்விக்கு விடை எழுதும் முறை இப்போது நம்முடையது.