ஏ. கே. செட்டியார் சரிதம்

வாணிபத்தின் பொருட்டுக் கடல் கடந்தோர் நம் மரபினரிற் பலர். படச்சுருள் தேடிக் கடல் கடந்த ஒருவரை இம்மாதம் நம் அன்பர்களுக்கு நினைவூட்ட விழைகின்றோம். அவரே காந்தியடிகளின் வாழ்க்கையைச் செய்திப்படமாகத் தொகுத்தளித்த ஏ. கே. செட்டியார்.

இவர் 1911-ஆம் ஆண்டு கோட்டையூரிற் பிறந்தவர். இளமையிலேயே பர்மா சென்று, இரங்கூனில் நம்மவர்க்கென வெளிவந்த தனவணிகன் பத்திரிகையின் ஆசிரியராயிருந்தார். இலாபக் கணக்கில் அவர் மனம் ஒன்றவில்லை, காமிராவில் ஒன்றியது. டோக்கியோ நகரிற் புகைப்படக் கலை பயின்று, பின்னர் நியூயார்க்கிலும் அதனைத் தொடர்ந்தார்.

1937-ஆம் ஆண்டு அக்டோபர் 2-ஆம் நாள், காந்தியடிகளின் பிறந்த நாளன்று, நியூயார்க்கிலிருந்து டப்ளினுக்குக் கப்பலிற் சென்றுகொண்டிருந்தார். அப்பொழுதுதான் அம்மகானின் வாழ்வைப் படமாக்க வேண்டுமென்னும் எண்ணம் அவருள்ளத்தில் உதித்தது. அன்று அவருக்கு வயது இருபத்தாறு நிரம்பவில்லை.

எண்ணம் எளிது, செயலோ மிக அரிது. காந்தியடிகள் சினிமாவில் விருப்பமற்றவர். காமிராவுக்கென நின்று காட்சி தருபவருமல்லர். நடந்து முடிந்த நிகழ்ச்சிகளை மீண்டும் நடத்திப் படமெடுத்தலும் உண்மைப் படமாகாது. ஆதலின், முன்னரே பிறர் எடுத்து வைத்தவற்றைத் தேடிப் பெறுதலொன்றே வழியாயிற்று. அக்காலப் படச்சுருளோ எளிதில் தீப்பற்றுவது, வெப்பத்தில் கெடுவது. எங்கே எஞ்சியுள்ளதென நேரிற் சென்றே அறிய வேண்டியிருந்தது. ஏறக்குறைய ஒரு லட்சம் மைல் யாத்திரை செய்தார். முப்பதாண்டுகளில் நூறு பேர்வரை எடுத்திருந்த துண்டுகளைத் திரட்டினார். சேர்ந்தவை சுமார் 50,000 அடி. ஓடவிட்டால் ஒன்பது மணி நேரம் ஓடும். அவற்றினின்று 12,000 அடியைத் தெரிந்தெடுத்துத் தமிழ் விளக்கவுரையுடன் இணைத்தார். பிறர் கண்களாற் கண்டவற்றை ஒருவர் கண்ணாற் காணச் செய்தலே அவர் செய்த பணி. தொகுப்பும் ஒரு படைப்பேயென்பதை அவர் நிலைநாட்டினாரென்போம்.

1940-ஆம் ஆண்டு ஆகஸ்டு 23-ஆம் நாள் படம் வெளிவந்தது. பின்னர்த் தெலுங்கிலும் வந்தது. ஆயின் அது யுத்தகாலம். அரசாங்கத்தின் கெடுபிடிக்கஞ்சிப் படம் மறைவில் வைக்கப்பெற்றது. மூன்றாண்டு உழைப்பு பெட்டிக்குள் உறங்கியது. 1947-இல் நாடு விடுதலை பெற்றபோது, இந்தி விளக்கத்துடன் தில்லியில் மீண்டும் வெளிச்சங் கண்டது. 1953-இல் அமெரிக்காவில் ஆங்கில வடிவமும் உருவாயிற்று.

இத்துணை செய்தவர் தம்மை முன்னிறுத்திக் கொண்டாரோவெனின், இல்லை. 1943 முதல் 1983-இல் இயற்கை எய்தும் வரை குமரிமலர் என்னும் மாத வெளியீட்டை நடத்தி, பழைய தமிழ் எழுத்துக்களைத் தேடித்தேடி அச்சேற்றினார். படச்சுருளில் தொடங்கிய தேட்டம் ஏட்டிலும் தொடர்ந்தது.

இனி நாம் நெஞ்சுறுத்த வேண்டியதொன்றுண்டு. உலகெங்கும் அலைந்து பிறர் காக்கத் தவறியவற்றைக் காத்தவரின் படத்தை நாம் காக்கத் தவறினோம். நெடுங்காலம் அது எங்குங் கிட்டவில்லை. வரலாற்றாசிரியர் ஆ. இரா. வேங்கடாசலபதியின் முயற்சியால், சுருக்கப்பட்ட ஆங்கில வடிவம் அமெரிக்கப் பல்கலைக்கழகமொன்றிற் கண்டறியப்பெற்றது. தமிழர் தமிழில் எடுத்த படத்தை அயல்நாட்டில் ஆங்கிலத்தில் தேடிக் காணவேண்டிய நிலை நமக்குப் பெருமையன்று.

நம் வீடுகளின் இரண்டாங்கட்டு அறைகளிலும் மரப்பெட்டிகளிலும் பழைய கடிதங்களும், பேரேடுகளும், இரங்கூனிலும் பினாங்கிலும் எடுத்த புகைப்படங்களும் கிடத்தல் கூடும். வெள்ளையடிக்குங்கால் அவற்றைக் குப்பையெனத் தள்ளாதிருக்க நம் குடும்பத்தாரை வேண்டுகின்றோம். ஒவ்வொரு படத்தின் பின்புறத்தும் பெயரும் ஊரும் ஆண்டும் குறித்து வைப்பீர்களாக. அதுவே அப்பெரியார்க்கு நாம் செலுத்தும் மெய்யான அஞ்சலியாகும்.