நிறம் கடந்த தாய்மை

இலக்கியத்திற்கான நோபல் பரிசைப் பெற்ற முதல் அமெரிக்கப் பெண்மணி பேர்ல் பக் என்பதை நாம் பொது அறிவு நூல்களில் படித்திருக்கிறோம். வீடற்ற குழந்தைகளுக்கு அவர் தாயாக விளங்கிய வரலாற்றை நம்மில் பலர் அறியோம்.

1892ஆம் ஆண்டு ஜூன் 26ஆம் நாள் அமெரிக்காவின் மேற்கு வர்ஜீனியாவில் பிறந்த அவரை, மறைப்பணியாளரான பெற்றோர் கைக்குழந்தையாகவே சீனாவுக்கு எடுத்துச் சென்றனர். சீனக் குழந்தைகளோடு விளையாடி, அவர்கள் மொழியையும் தம் மொழியாகவே பேசி வளர்ந்தார். 1900இல் அந்நியருக்கு எதிராகக் கலகம் மூண்டபோது, வெள்ளைத் தோல் ஒன்றினாலேயே தாம் வேற்றாளாகிவிட்டதை அச்சிறுமி உணர்ந்தார். நிறத்தின் பெயரால் ஒதுக்கப்படும் வேதனை அவருக்கு நேரில் தெரிந்ததே.

அவர் ஈன்றெடுத்த ஒரே மகளுக்கு மனவளர்ச்சி குன்றியது. அவளுடைய பராமரிப்புச் செலவு அவரை மேலும் எழுதத் தூண்டியது. 1931இல் சீன உழவர் வாழ்வைச் சித்திரிக்கும் 'தி குட் எர்த்' வெளிவந்தது. 1938இல் நோபல் பரிசு கிடைத்தது. இதற்கிடையே குழந்தைகள் சிலரைத் தத்தெடுத்து வளர்த்தும் வந்தார்.

இந்தியத் தந்தைக்கும் அமெரிக்கத் தாய்க்கும் பிறந்த பதினைந்து மாத ஆண் குழந்தை ஒன்றிற்கு இல்லம் தேடித் தரும்படி அவருக்கு வேண்டுகோள் வந்தது. பெற்றோரும் பிள்ளையும் நிறத்திலும் சமயத்திலும் ஒத்திருக்க வேண்டும் என்பது அக்காலத் தத்து நிறுவனங்களின் வழக்கம். கலப்பினக் குழந்தையை எவரும் ஏற்கமாட்டார் என அவை முடிவு கட்டியிருந்தன. பேர்ல் பக் அதனை ஏற்கவில்லை. அண்டை அயலாரின் துணையுடன் 1949இல் பென்சில்வேனியாவில் 'வெல்கம் ஹவுஸ்' என்னும் இல்லத்தைத் தொடங்கினார். கறுப்பினப் படைவீரர்களுக்கு ஜெர்மனி, ஜப்பான் நாட்டுத் தாய்மாரிடம் பிறந்த பெண் குழந்தைகளைத் தம் மகள்களாகவும் ஏற்றார்.

அன்பு இருந்தால் போதுமா என்ற கேள்வியும் பின்னர் எழுந்தது. வெள்ளையர் இல்லங்களில் வளரும் கறுப்பினக் குழந்தைகள் தம் இன அடையாளத்தை இழப்பர் என்று 1972இல் அமெரிக்கக் கறுப்பினச் சமூகப் பணியாளர் சங்கம் எதிர்ப்புத் தெரிவித்தது. தத்துப் பிள்ளைகளாக வளர்ந்த பலரும், மொழியும் பிறந்த மண்ணும் தமக்கு அந்நியமாகிப்போன ஏக்கத்தைப் பிற்காலத்தில் எடுத்துரைத்தனர். இக்குரலை நாம் புறக்கணிக்கலாகாது. பிறந்த நாட்டிலேயே தகுந்த குடும்பம் கிடைக்குமா என்று முதலில் பார்க்க வேண்டும் என்பதே 1993ஆம் ஆண்டு ஹேக் உடன்படிக்கையின் நெறி.

பேர்ல் பக்கும் தத்தெடுப்பு ஒன்றையே வழியாகக் கொள்ளவில்லை. ஆசிய நாடுகளில் அமெரிக்கத் தந்தையரால் கைவிடப்பட்ட பிள்ளைகளுக்கு அவரவர் நாட்டிலேயே உதவிட 1964இல் ஓர் அறக்கட்டளை நிறுவினார். 1973ஆம் ஆண்டு மார்ச் 6ஆம் நாள் அவர் மறைந்தார். அவரது கல்லறையில் அவர் பெயர் சீன எழுத்துக்களில் பொறிக்கப்பட்டுள்ளது. அமெரிக்காவில் வாழ்ந்து மறைந்தும், தம்மை வளர்த்த மண்ணை அவர் மறக்கவில்லை.

மாணவியரே, பிள்ளையின் நிறத்தைப் பாராமல் ஏற்பது பேரன்பு. அப்பிள்ளையின் பெயரையும் மொழியையும் பிறந்த மண்ணையும் மதித்துக் காப்பது நீதி. இவ்விரண்டும் சேர்ந்த இல்லத்தில்தான் குழந்தை முழுமையாக வளரும் என்பதை நாம் நெஞ்சில் இருத்துவோம்.