பன்றிகளை ஊர்வலம் விட்ட தேயிலை மன்னர்

கையில் முதல் கொஞ்சம். கை கொடுக்கும் உறவினர் இல்லை. எதிர்க்கடைக்காரரோ பல வருஷமாக வேரூன்றியவர். இந்த நிலையில் புதிதாகக் கடை திறப்பவர், வாடிக்கைக்காரர்களை எப்படி வரவழைப்பது என்று தவிப்பது இயற்கை. அந்தத் தவிப்புக்கு விடை கண்டவர்களில் முதல் வரிசையில் நிற்பவர் சர் தாமஸ் லிப்டன். தேயிலைப் பொட்டலத்தில் பெயர் பார்க்கிறோமே, அதே லிப்டன்தான்!

முட்டை சொன்ன பாடம்

ஸ்காத்லாந்திலுள்ள கிளாஸ்கோ நகரில் 1848-ம் ஆண்டு அவர் பிறந்தார். பெற்றோர் அயர்லாந்திலிருந்து பிழைக்க வந்த ஏழைகள். வெண்ணெய், முட்டை, பன்றி இறைச்சி விற்கும் சின்னஞ்சிறு கடை ஒன்று வைத்திருந்தார்கள். தகப்பனாரின் கை பெரிது; அதில் முட்டை சிறிதாகத் தெரிகிறது; ஆகவே தாயாரே முட்டையை எடுத்துக் கொடுக்கட்டும் என்று யோசனை சொன்னானாம் சிறுவன் தாமஸ்!

மீசை அரும்பாத வயதில் அமெரிக்காவுக்குக் கப்பல் ஏறினார். புகையிலைத் தோட்டத்திலும் நெல் பண்ணையிலும் உழைத்தபின், நியூயார்க்கில் ஒரு பெரிய கடையின் மளிகைப் பிரிவில் வேலை கிடைத்தது. அங்கேதான் அவருக்குக் கண் திறந்தது. நல்ல வெளிச்சம், சுத்தம், கண்ணைக் கவரும்படி அடுக்கிய சரக்கு, சிரித்த முகத்துடன் சிப்பந்திகள். சம்பளத்தை மிச்சம் பிடித்துக்கொண்டு ஊர் திரும்பினார். தாயாருக்கு அவர் கொண்டு வந்த பரிசு ஓர் ஆடும் நாற்காலியும் ஒரு பீப்பாய் மாவும்.

கடை வாசலில் கூட்டம்

1871-ல் கிளாஸ்கோவில் சொந்தக் கடை திறந்தார். முதலாளியும் அவரே, குமாஸ்தாவும் அவரே. தரகர்களை விலக்கி, அயர்லாந்து விவசாயிகளிடமே நேரில் சரக்கு வாங்கினார். மிஞ்சிய லாபத்தில் ஒரு பங்கை விலைக் குறைப்பாக வாடிக்கைக்காரருக்கே கொடுத்தார்.

சரக்கு நன்றாயிருந்தால் மட்டும் போதுமா? ஊருக்குத் தெரிய வேண்டாமா? கொழுத்த பன்றிகளைச் சீவிச் சிங்காரித்து, லிப்டன் கடைக்குப் போகும் அநாதைகள் என்று எழுதிக் கட்டி, வீதி வழியே ஓட்டிவரச் செய்தார். ஊரே சிரித்தது, சிரித்தபடி பின்னாலேயே வந்தது. கடை வாசலில் இரண்டு கண்ணாடிகள். ஒன்றில் பார்த்தால் ஆள் ஒட்டி உலர்ந்து தெரிவார். அது லிப்டன் கடைக்குப் போகிறவர். மற்றதில் பூரித்துத் தெரிவார். அது அங்கிருந்து திரும்புகிறவர்!

1881 கிறிஸ்துமஸுக்கு அமெரிக்காவிலிருந்து ராட்சத சீஸ் கட்டி ஒன்றை வரவழைத்து, உள்ளே தங்க நாணயங்களைப் புதைத்து, வெட்டி விற்றார். கூட்டத்தை அடக்கப் போலீசார் வர வேண்டியதாயிற்று. நாணயத்தை விழுங்கிவிடப் போகிறார்கள் என்று பிறகு ஓர் ஊரில் போலீசார் எச்சரித்தபோது, அந்த எச்சரிக்கையையே விளம்பரமாக அச்சிட்டுவிட்டார் மனிதர்!

தேயிலைத் தோட்டம்

1890-ல் அவர் இலங்கைக்கு வந்தார். காப்பிச் செடிகளை நோய் அழித்து, தோட்டங்கள் மலிவாக விலைபோன காலம் அது. ஹப்புத்தளைப் பக்கம் தம்பேதென்ன முதலான தோட்டங்களை வாங்கினார். மற்றக் கடைகளில் ஒரு ராத்தல் தேயிலை சுமார் 3 ஷில்லிங் விற்றபோது அவர் 1 ஷில்லிங் 7 பென்ஸுக்குக் கொடுத்தார். ஏழையும் வாங்கும்படி கால் ராத்தல், அரை ராத்தல் பொட்டலங்களாகக் கட்டினார். எடை குறையாது, கலப்படம் நுழையாது. அந்தந்த ஊர்த் தண்ணீருக்கு ஏற்ற தேயிலைக் கலவையையும் தயாரித்தார்.

இங்கே ஒன்றை மறக்கலாகாது. அந்த மலைகளில் கொழுந்து கிள்ளியவர்கள் தமிழ்நாட்டிலிருந்து பிழைக்கச் சென்ற ஏழைத் தமிழர்கள். கூடை சுமந்த பெண்ணின் படம் விளம்பரத்தில் உலகமெல்லாம் சுற்றியது. அவள் குடியிருந்ததோ லயத்தின் ஒற்றை அறையில். மலிவு விலையின் ஒரு பகுதி அவள் குறைந்த கூலியிலிருந்தும் வந்தது. லிப்டனின் சாமர்த்தியத்தைக் கற்பவர்கள் இந்தக் கணக்கையும் சேர்த்தே கற்க வேண்டும்.

தோற்றும் வென்றவர்

1898-ல் சர் பட்டம் கிடைத்தது. அடுத்த ஆண்டு அமெரிக்கக் கோப்பைக்கான பாய்மரப் படகுப் போட்டியில் இறங்கினார். 1930 வரை ஐந்து முறை முயன்றார். ஐந்து முறையும் தோல்வி! முகம் கோணாமல் வென்றவரைப் பாராட்டிய அவருடைய பண்பைக் கண்டு, அமெரிக்க மக்கள் தாங்களே பணம் திரட்டித் தங்கக் கோப்பை ஒன்றை வழங்கினார்கள். பணத்தால் வாங்க முடியாத விளம்பரம் அல்லவா அது?

லிப்டன் கலியாணம் செய்துகொள்ளவில்லை. 1931-ல் காலமானபோது, சொத்தில் பெரும் பகுதியைப் பிறந்த ஊரான கிளாஸ்கோவுக்கே எழுதி வைத்திருந்தார்.

கடை திறக்க நினைக்கும் இளைஞர்கள் பன்றியைத் தேடி அலைய வேண்டாம். சரக்கை அது விளையும் இடத்திலேயே வாங்குவது, ஏழையின் கைக்கு அடக்கமான அளவில் கட்டுவது, ஊர் பேசும்படி ஒரு புதுமை செய்வது ஆகிய மூன்றையும் பிடித்துக்கொண்டால் போதும். விளம்பரம் ஆளை வாசல் வரையில்தான் கூட்டி வரும். மறுநாளும் அவரை வரவழைப்பது நேர்மையான தராசுதான்.