நந்தனைப் பள்ளிக்கு அனுப்பிய கலைவாணர்

சென்னைக் கடற்கரையிலிருந்து தாம்பரத்துக்கு மின்சார ரயில் ஓடத் தொடங்கியது 1931-ல். ரயிலில் சீட்டு வாங்கியவருக்கு இடம் உண்டு, சாதி கேட்பதில்லை. ஊர்த்தெருவில் செருப்பணிந்து நடக்க முடியாதவர்களுக்கு இது சாதாரண விஷயமல்ல. இந்த உண்மையைச் சிரிப்போடு சொன்னவர் கலைவாணர் என்.எஸ்.கிருஷ்ணன்.

நாகர்கோவிலை அடுத்த ஒழுகினசேரியில் 1908 நவம்பர் 29 அன்று ஏழைக் குடும்பத்தில் பிறந்தார். தலித் அல்லர். வறுமையால் பள்ளிப் படிப்பு பாதியில் நின்றது. நாடகக் கொட்டகையில் தின்பண்டம் விற்றார், வில்லுப்பாட்டு பாடினார், டி.கே.எஸ். சகோதரர்களின் நாடகக் குழுவில் சேர்ந்தார். 1936-ல் ‘சதிலீலாவதி’ படத்தில் நடித்தார். தனது நகைச்சுவைக் காட்சிகளைத் தானே எழுதி அமைத்துக்கொள்வது அவர் வழக்கம். லட்சுமிகாந்தன் கொலை வழக்கில் 1944 இறுதியில் கைதாகி, 1947-ல்தான் விடுதலையானார்.

திரும்பி வந்தவர் தந்த படங்களில் முக்கியமானது, அறிஞர் அண்ணா எழுதிய ‘நல்லதம்பி’ (1949). அதில் கலைவாணர் நிகழ்த்திய ‘கிந்தனார்’ கதாகாலட்சேபத்துக்குப் பாட்டு எழுதியவர் உடுமலை நாராயண கவி.

கோபாலகிருஷ்ண பாரதியின் நந்தனார், சிதம்பரம் போக ஏங்கியவர். ஆண்டை தடுத்தார். கடைசியில் நெருப்பில் இறங்கிய பிறகே அவருக்குச் சன்னதி கிடைத்தது. கிந்தனும் சேரிப் பிள்ளைதான். ஆனால் அவன் ஏங்கியது படிப்புக்கு. ரயிலேறிப் பட்டணம் போனான், படித்தான், பள்ளிகளை ஆய்வு செய்யும் அதிகாரியாகத் திரும்பி வந்தான். நெருப்பு தேவைப்படவில்லை.

சென்னை மாகாணத்தில் கோயில் நுழைவுச் சட்டம் வந்தது 1947-ல். கோயில் கதவு திறந்தால் போதுமா, பள்ளிக் கதவு திறக்க வேண்டாமா என்று அடுத்த கேள்வியைக் கேட்டது கிந்தனார் கதை.

நம் சினிமா நகைச்சுவை கறுப்பு நிறத்தையும், கிழிந்த சட்டையையும், குடிசைப் பேச்சையும் காட்டிச் சிரிக்க வைத்தது அதிகம். கிந்தனார் கதையில் ஜனம் சிரித்தது கிந்தனைப் பார்த்தல்ல, அவனைத் தள்ளி வைத்தவர்களைப் பார்த்து. யாரைப் பார்த்துச் சிரிக்கிறோம் என்பதில்தான் நகைச்சுவையின் நியாயம் இருக்கிறது.

கலைவாணர் 1957 ஆகஸ்ட் 30 அன்று, 49 வயது நிறைவதற்குள் மறைந்தார். அவரது சிலையை 1969 ஜனவரியில் தியாகராய நகரில் அண்ணா திறந்துவைத்தார். தாம்பரத்தில் ரயிலேறி மாம்பலத்தில் இறங்கும் மாணவர்கள் ஒருமுறை அங்கே போய்வரலாம். உங்கள் வீட்டில் முதலில் கல்லூரிக்குப் போனவர் நீங்கள் என்றால், கிந்தன் கதை உங்கள் கதையும்தான்.