நடிகர் ராபர்ட் டோனாட்

பாடகனுக்கும் பிரசங்கிக்கும் நடிகனுக்கும் பொதுவான மூலதனம் ஒன்று உண்டு. அதுதான் மூச்சு. உடையை இரவல் வாங்கலாம்; முகத்திற்குப் பூச்சுப் பூசிக் கொள்ளலாம்; வசனம் மறந்து போனால் திரைக்குப் பின்னாலிருந்து எடுத்துக் கொடுக்க ஆள் உண்டு. ஆனால் ஒரு நீண்ட வாக்கியத்தை அதன் கடைசிச் சொல் வரையில் தளராமல் தாங்கிச் செல்லும் மூச்சை ஒருவரும் இரவல் கொடுக்க முடியாது. அந்த மூலதனமே குறைவாக வாய்த்த ஒருவர் ஆங்கில நாடக மேடையிலும் பேசும் படத்திலும் முதல் வரிசையில் நின்றார் என்றால், அவருடைய ஜீவிய சரித்திரம் நாம் சிந்திக்கத் தக்கதேயாகும். அவர்தான் ராபர்ட் டோனாட். அவர் மறைந்து அறுபது ஆண்டுகளுக்கு மேலாகிவிட்டன.

டோனாட்டைப் பற்றிப் பட முதலாளிகளிடையே ஓர் அபிப்பிராயம் நிலவி வந்தது. அவர் பெரிய நடிகர், ஆனால் நம்பத்தக்கவரல்லர் என்பதே அது. ஒப்பந்தம் செய்துகொண்டு பின்வாங்குவார். ஒப்புக்கொண்ட படத்தைப் பாதியில் நிறுத்தி வைப்பார். ஆண்டுக்கணக்கில் திரையில் தோன்றாமலே இருந்துவிடுவார் என்று குறை கூறினார்கள். இந்தக் குற்றச்சாட்டு முழுப் பொய்யன்று. ஆனால் அது முழு நியாயமும் அன்று என்பதே நமது கருத்து. அவருடைய வாழ்க்கையைக் கோவையாக நோக்கினால் வாசகர்களும் இதை ஒப்புக்கொள்வார்கள் என்று நம்புகிறோம்.

ராபர்ட் டோனாட் 1905-ம் வருஷம் மார்ச் 18-ந் தேதி மான்செஸ்டர் நகரத்தைச் சேர்ந்த விதிங்டனில் பிறந்தார். பஞ்சாலைகளுக்கும் புகைக்கும் பேர்போன பிரதேசம் அது. சிறு வயதில் அவருக்குத் திக்குவாய் இருந்தது. அத்துடன் லங்காஷயர் ஜில்லாவின் கொச்சை வழக்கும் நாவில் ஊறியிருந்தது. அந்நாளைய லண்டன் நாடக மேடையோ ஒரே விதமான உயர்குல உச்சரிப்பைத்தான் ஏற்றுக்கொள்ளும். ஆகவே, பேச்சைத் திருத்திக்கொள்வதற்காக உச்சரிப்பு ஆசிரியர் ஒருவரிடம் பயிற்சி பெற்றார். அவரிடமே காரியதரிசியாக வேலை பார்த்துக் கல்விச் செலவை ஈடுசெய்து கொண்டார். திக்கிய நாவிலிருந்து பிற்காலத்தில் இங்கிலாந்தின் இனிய குரல்களில் ஒன்று பிறந்தது என்றால், அது தெய்வம் கொடுத்த வரமன்று. ஒரு சிறுவன் நாள்தோறும் உழைத்துச் சம்பாதித்த பொருள்.

1921-ல், பதினாறாவது வயதில், பர்மிங்ஹாம் நகரில் ஷேக்ஸ்பியரின் ‘ஜூலியஸ் சீஸர்’ நாடகத்தில் சிறுவன் லூஷியஸாக முதன்முதலில் மேடையேறினார். பிறகு ஊர் ஊராகச் சென்று ஷேக்ஸ்பியர் நாடகங்களை நடத்தி வந்த பிராங்க் பென்ஸனின் குழுவில் சேர்ந்தார். இன்று ஓர் ஊர், நாளை மற்றோர் ஊர், ஒரு வாரத்தில் பல வேஷங்கள், சொற்பச் சம்பளம். நம் நாட்டுப் பழைய நாடகக் கம்பெனிகளின் கதையை அறிந்தவர்களுக்கு இந்த வாழ்க்கையை விவரிக்க வேண்டியதில்லை. இந்தத் தேர்ச்சிதான் அவருக்கு அஸ்திவாரம். 1931-ல் லண்டனில், மேரி வெப்பின் நாவலைத் தழுவிய ‘பிரஷஸ் பேன்’ நாடகத்தில் நடித்தபோது தலைநகரம் அவரைத் திரும்பிப் பார்த்தது.

அச்சமயம் பேசும் படம் புதிதாகக் கிளம்பியிருந்தது. குரல் வளம் பெற்ற மேடை நடிகர்களைப் பட முதலாளிகள் தேடி அலைந்தார்கள். ஹங்கேரியிலிருந்து வந்து இங்கிலாந்தில் படத் தொழிலை நிலைநாட்டிய அலெக்ஸாண்டர் கோர்டா 1932-ல் டோனாட்டைத் திரைக்குக் கொண்டுவந்தார். மறு ஆண்டில் வெளிவந்த ‘எட்டாம் ஹென்றியின் அந்தரங்க வாழ்க்கை’ என்ற படத்தில் அரசியின் காதலன் கல்பெப்பராக நடித்தார். அப்படம் அட்லாண்டிக்கின் இரு கரைகளிலும் புகழ் பெற்றது. 1934-ல் ஹாலிவுட் அவரை அழைத்து ‘மாண்ட் கிறிஸ்டோ பிரபு’வாக ஆக்கியது. ஆனால் அந்த ஊர் அவருக்குப் பிடிக்கவில்லை. ஒரே படத்துடன் தாயகம் திரும்பியவர் அங்கே மறுபடி படமெடுக்கச் செல்லவில்லை. ‘கேப்டன் பிளட்’ என்ற படத்தில் நடிக்கும் வாய்ப்பையும் கைவிட்டார். அந்த வேஷம் அதுவரை பேர் அறியாத எரோல் பிளின்னுக்குப் போய் அவரை ஒரே நாளில் நட்சத்திரமாக்கிவிட்டது.

1935-ல் ஆல்பிரெட் ஹிட்ச்காக் இயக்கிய ‘முப்பத்தொன்பது படிகள்’ வெளிவந்தது. செய்யாத கொலைக்காகத் துரத்தப்படும் ஒருவன் ஸ்காட்லாந்தின் மேடுகளிலும் சரிவுகளிலும் ஓடிக் கொண்டேயிருக்கிறான். ஓர் இடத்தில் அவன் ஓர் அரசியல் கூட்டத்திற்குள் அடைக்கலம் புக, சபையோர் அவனையே அன்றைய பிரசங்கி என்று எண்ணி மேடையேற்றிவிடுகின்றனர். யாருக்காகப் பேசுகிறோம், எதைப் பற்றிப் பேசுகிறோம் என்றே தெரியாமல் தொடங்கி, சிறிது சிறிதாகத் தன் துன்பத்தையே பொருளாக்கிச் சபையைக் கவர்ந்துவிடும் அந்தக் காட்சியை டோனாட் நடித்திருக்கும் திறம் வியக்கத்தக்கது. 1999-ல் பிரிட்டிஷ் திரைப்படக் கழகம் இருபதாம் நூற்றாண்டின் சிறந்த பிரிட்டிஷ் படங்களுக்கு ஜாபிதா தயாரித்தபோது இதற்கு நான்காவது இடம் கிடைத்தது. வெள்ளித் திரையில் ஓயாமல் ஓடிய அந்த மனிதர், நிஜ வாழ்வில் மூச்சுத் திணறலால் அவதிப்பட்டவர் என்பதை எத்தனை ரசிகர்கள் அறிவார்கள்!

ஆம், அவரை வாட்டிய நோய் ஆஸ்த்மா. நம்மவர் இழுப்பு என்றும் சுவாசகாசம் என்றும் சொல்லும் நோய் அதுவே. 1937-ல் வெளிவந்த ‘கவசமற்ற வீரன்’ என்ற படத்தைப் பிடித்துக் கொண்டிருந்தபோது நோய் கடுமையாகத் தாக்கிற்று. வேலை நின்றது, செலவு ஏறிற்று. வேறொரு நடிகரைப் போட்டுப் படத்தை முடித்துவிடலாம் என்ற யோசனையும் எழுந்தது. கதாநாயகியாக நடித்த மார்லீன் டீட்ரிக், டோனாட் குணமாகித் திரும்பும் வரையில் காத்திருக்க வேண்டுமென்று பிடிவாதம் செய்தார். காத்திருந்தார்கள், படமும் முடிந்தது. நோயாளியின் நாற்காலியை உடனே மற்றொருவருக்கு மாற்றிவிடும் வியாபார உலகில் இந்தச் சகோதர உணர்ச்சி போற்றத் தக்கது.

அந்நாளில் இந்த நோய்க்குத் தக்க மருந்து கிடையாது. மனத் தளர்ச்சியால் வரும் வியாதி என்று வைத்தியர்களில் பலர் கருதினார்கள். இன்று ஏழை எளியவர் பையிலும் காணும் உறிஞ்சும் மருந்துக் குழாய், அளவாக மருந்தைத் தெளிக்கும் உருவில், 1956-ல்தான் கடைக்கு வந்தது. டோனாட்டின் ஆயுளில் அப்போது எஞ்சியிருந்தவை இரண்டே ஆண்டுகள். இந்த உண்மையை மனத்தில் கொண்டுதான் அவருடைய பின்வாங்கல்களை நாம் எடை போட வேண்டும். ஒப்பந்தப் பத்திரத்தில் கையெழுத்திடும் கை அவருடையது. ஆனால் அதை நிறைவேற்ற வேண்டிய நுரையீரல் அவர் சொற்படி கேட்கவில்லை. இயல்பிலேயே அவருக்கிருந்த தயக்கமும், எதையும் பழுதின்றிச் செய்ய வேண்டுமென்ற கவலையும் நோயோடு சேர்ந்து கொண்டன.

1938-ல் வெளிவந்த ‘சிட்டடெல்’ என்ற படம் குறிப்பாகச் சொல்லத்தக்கது. டாக்டர் குரோனின் எழுதிய நாவலே இதன் கதை. வேல்ஸ் நாட்டு நிலக்கரிச் சுரங்க ஊருக்கு இளம் வைத்தியர் ஒருவர் வருகிறார். மூச்சின்றிப் பிறந்து, இறந்துவிட்டதென்று ஒதுக்கப்பட்ட குழந்தையை அவர் கையிலெடுத்து, விடாமல் முயன்று மூச்சு வரவழைக்கிறார். சுரங்கத் தூசியே தொழிலாளரின் நெஞ்சை அரிக்கிறது என்பதைக் கண்டு ஆராய்ச்சியில் இறங்குகிறார். தம் மூச்சுக்கே உத்தரவாதமில்லாத ஒருவர், பிறர் மூச்சைக் காக்கப் போராடும் வைத்தியராக நடித்தார். அவர் முகத்தில் தோன்றும் பதைப்பு வெறும் நடிப்பென்று நமக்குத் தோன்றவில்லை.

மறு ஆண்டில் ‘குட்பை மிஸ்டர் சிப்ஸ்’ வெளிவந்தது. ஒரு பள்ளிக்கூடத்து லத்தீன் ஆசிரியரின் கதை அது. இருபத்து சொச்சம் வயதில் பயந்த சுபாவமுடைய இளைஞராக வேலைக்கு வந்தவர், எண்பதைக் கடந்த கிழவராகக் கண்ணை மூடுவது வரையில் ஒரே நடிகர் நடித்தார். அப்போது டோனாட்டுக்கு முப்பத்து நான்கு வயது. நரை மயிரையும் மீசையையும் ஒப்பனைக்காரர் ஒட்டிவிடலாம். நடை தளர்வதும், குரல் மெலிவதும், வாக்கியத்தின் நடுவே முதியவர் மூச்சுக்காக நிற்பதும் ஒப்பனைப் பெட்டியில் கிடைப்பவையல்ல. மனைவியையும் குழந்தையையும் ஒரே நாளில் இழந்த ஆசிரியர் வழக்கம்போல் வகுப்புக்கு வந்து உட்காரும் காட்சியில் அவர் ஏறக்குறைய ஒன்றுமே செய்வதில்லை. பார்ப்பவர் நெஞ்சு மட்டும் கனத்துவிடுகிறது.

அவ்வாண்டின் சிறந்த நடிகருக்குரிய அகாடமிப் பரிசு 1940 பிப்ரவரியில் அவருக்கு வழங்கப்பட்டது. போட்டியிலிருந்தவர்கள் சாமானியரல்லர். ‘கான் வித் தி விண்ட்’ படத்தின் கிளார்க் கேபிள், லாரன்ஸ் ஒலிவியர், ஜேம்ஸ் ஸ்டுவர்ட், மிக்கி ரூனி ஆகிய நால்வரையும் கடந்து பரிசு பெற்றார். ஆரவாரமான வீரனை விட்டு ஓர் ஏழைப் பள்ளி ஆசிரியரை ஹாலிவுட் தேர்ந்தெடுத்தது அன்று பலருக்கும் ஆச்சரியமாயிருந்தது.

யுத்த காலத்தில் ‘இளைய பிட்’ என்ற படத்தில் நடித்தார். இருபத்து நான்காம் வயதில் பிரதம மந்திரியான அந்த வில்லியம் பிட், 1784-ம் வருஷத்துச் சட்டத்தால் இந்தியாவில் கம்பெனி ஆட்சியைப் பிரிட்டிஷ் சர்க்காரின் பிடிக்குள் கொண்டுவந்தவர் என்ற முறையில் நமக்கும் தெரிந்தவரே. 1947-ல் வெளிவந்த ‘கேப்டன் பாய்காட்’ என்ற படம் வேறு விதத்தில் நம் கவனத்திற்குரியது. 1880-ல் அயர்லாந்தின் குடியானவர்கள் கொடிய ஜமீன் ஏஜெண்ட் ஒருவரை, அவருடைய வயலில் ஒருவரும் கை வைக்காமல் ஒதுக்கி, பணிய வைத்தார்கள். அந்த ஏஜெண்டின் பெயரே பகிஷ்காரத்திற்கு ஆங்கிலச் சொல்லாகிவிட்டது. வங்காளப் பிரிவினையை எதிர்த்து 1905-ல் நம் நாடு ஏந்திய ஆயுதமும் அதுவே. இந்த முறையைக் குடியானவர்களுக்கு உபதேசித்த ஐரிஷ் தலைவர் பார்னலாக டோனாட் சிறிது நேரமே தோன்றுகிறார். ஆனால் அந்தச் சிறு பிரசங்கமே படத்தின் உயிர்நாடி.

1948-ல் ‘வின்ஸ்லோ பையன்’ வந்தது. ஐந்து ஷில்லிங் போஸ்டல் ஆர்டரைத் திருடியதாகக் கடற்படைப் பள்ளியிலிருந்து நீக்கப்பட்ட ஒரு சிறுவனுக்காகச் சர்க்காரையே எதிர்த்து வழக்காடும் பாரிஸ்டர் அவர். பையனைக் குறுக்கு விசாரணையால் கதறக் கதற வாட்டி, அனைவரும் அவரை வெறுக்கும் தருணத்தில், அவன் நிரபராதி என்று தீர்மானித்து வழக்கை ஏற்றுக்கொள்ளும் காட்சி, குரலை மட்டுமே ஆயுதமாகக் கொண்டு ஒரு நடிகர் செய்யக்கூடியதன் எல்லையைக் காட்டுகிறது.

அடுத்து ‘கியூர் பார் லவ்’ என்ற லங்காஷயர் நகைச்சுவைக் கதையைத் தாமே இயக்கி நடித்தார். லண்டன் மேடைக்காக இளமையில் துடைத்தெறிந்த கொச்சை வழக்கை, புகழின் உச்சியிலிருந்து திரும்ப அழைத்துக்கொண்டார். கற்ற மொழி சோறு போட்டாலும் தாய் மடியில் கேட்ட பேச்சு மறப்பதில்லை. 1951-ல் ‘மாஜிக் பாக்ஸ்’ படத்தில், அசையும் படத்திற்காகச் சொத்தனைத்தையும் செலவிட்டு வறுமையில் மாண்ட பிரீஸ்-கிரீன் என்பவராக நடித்தார். அவரே சினிமாவைக் கண்டுபிடித்தார் என்பதைச் சரித்திராசிரியர்கள் ஒப்புவதில்லை. ஆயினும் அந்த மனிதரின் ஆவலையும் தோல்வியையும் டோனாட் காட்டியதில் குறையில்லை.

அதன்பின் நோய் மேலோங்கிற்று. 1953-ல் ஓல்ட் விக் அரங்கில் எலியட்டின் நாடகத்தில் பேராயர் பெக்கெட்டாக நடித்ததே அவருடைய கடைசி மேடை வேஷம். டேவிட் லீனின் ‘ஹாப்ஸன்ஸ் சாய்ஸ்’ படத்தில் அவருக்கென்று வைத்திருந்த வேஷம் நோயின் காரணமாக ஜான் மில்ஸுக்குச் சென்றது. 1954-ல் ‘லீஸ் ஆப் லைப்’ படத்தில், ஒரே வருஷம்தான் ஆயுள் என்று தெரிந்துகொண்ட ஏழைப் பாதிரியாராக நடித்தார்.

கடைசிப் படம், இங்க்ரிட் பெர்க்மன் கதாநாயகியாக நடித்த ‘ஆறாவது ஆனந்தத்தின் விடுதி’. வேல்ஸ் மலைச்சாரலில் கட்டிய சீன நகரத்தில் அதைப் பிடித்தார்கள். வெள்ளையர் ஒருவர் சீன அதிகாரியாக வேஷமிடுவதை இன்றைய உலகம் ஒப்பாது, ஒப்பாததே நியாயம். ஆனால் நாம் சொல்ல வந்தது வேறு. பிராணவாயு நிரப்பிய உருளைகளை அருகில் வைத்துக்கொண்டு, மூச்சுக்கு மூச்சு கணக்கிட்டு, அவர் அந்த வேஷத்தை முடித்தார். நண்பர்களிடம் விடைபெறும் காட்சியே அவருடைய கடைசிக் காட்சியாகத் திரையில் நிற்கிறது. 1958-ம் வருஷம் ஜூன் 9-ந் தேதி லண்டனில் காலமானார். வயது ஐம்பத்து மூன்றுதான். படம் அவர் மறைந்த பின்னரே வெளிவந்தது.

நோய்தான் அவர் கலையை வளர்த்தது என்று கூறுவோர் உண்டு. நாம் அதை ஒப்பவில்லை. நோய் நமக்குக் கொடுத்ததைவிட நம்மிடமிருந்து பறித்ததே அதிகம். மேடையில் அவர் ஏற்றிருக்கக்கூடிய வேஷங்கள் எத்தனையோ! ஆனால் அவர் நம்பத்தக்கவரல்லர் என்ற பழியை மட்டும் துடைத்தெறிய வேண்டும். முப்பது ஆண்டுகளுக்குக் குறைவான காலத்தில் சுமார் இருபதே படங்கள். அவற்றில் ஏனோதானோ என்று நடித்ததாகச் சுட்டிக்காட்ட ஓர் இடமேனும் கிடைப்பது அரிது. வேலைக்கு வந்த நாட்களை எண்ணுவது முதலாளியின் கணக்கு. வந்த நாளில் என்ன கொடுத்தார் என்று பார்ப்பது ரசிகரின் கணக்கு. நோயோடு உழைக்கும் எவரையும், அவர் நடிகராயினும் ஆலைத் தொழிலாளியாயினும், இந்த இரண்டாவது கணக்கினால் அளப்பதே தர்மம். அந்தக் கணக்கில் ராபர்ட் டோனாட் ஒருவருக்கும் கடன்பட்டவரல்லர்.