ஆலம்கீரின் இறுதிக் கடிதங்கள்

திருக்குர்ஆனைக் கையால் பிரதி எடுத்த பேரரசர் ஔரங்கசீப் ஆலம்கீரைத் தாங்கள் அறிவீர்கள். அவர் வீட்டினுள் ஆறாதிருந்த புண்ணை அறிவீர்களா?

1618-ல் பிறந்த அவர், 1658-ல் தந்தை ஷாஜஹானை ஆக்ரா கோட்டையில் காவலில் வைத்தார். மறு ஆண்டு தமையன் தாரா கொல்லப்பட்டார். 1666-ல் தந்தை மறையும்வரை, ஏழரை ஆண்டுகள் மகன் அவரைச் சென்று காணவில்லை. பின்னர் தாராவின் மகளைத் தம் மகனுக்கும், தம் மகளைத் தாராவின் மகனுக்கும் மணமுடித்தார். ஆயினும் விதைத்தது முளைத்தது. 1681-ல் சொந்த மகன் அக்பரே அவரை எதிர்த்துக் கிளம்பினார்.

எண்பத்தெட்டாம் வயதில், அஹ்மத்நகரிலிருந்து புதல்வர்களுக்குக் கடிதம் எழுதினார். வெறுங்கையுடன் வந்த தாம் பாவச் சுமையுடன் திரும்புவதாகவும், என்ன தண்டனை காத்திருக்கிறதோ என்று அஞ்சுவதாகவும் தெரிவித்தார். எந்தப் பாவமென்று பெயர் சொல்லவில்லை. 1707 மார்ச்சில் ஒரு வெள்ளிக்கிழமையன்று மறைந்தார். குல்தாபாதில் எளிய கப்ரில் அடங்கியுள்ளார். அரியணைக்காக நடந்த போர்களில் 1707-ல் ஆஸமும், 1709-ல் காம்பக்ஷும் மாண்டனர்.

சிந்தியுங்கள்! இறைவனுக்குச் செய்த பிழையை அவன் நாடினால் மன்னிப்பான். அடியாருக்குச் செய்த பிழைக்கு அவ்வடியாரிடமே மன்னிப்புக் கோர வேண்டும். ஆலம்கீர் அக்கடிதங்களை எழுதியபோது, கேட்பதற்குத் தந்தையுமில்லை, தமையனுமில்லை.

உங்கள் தந்தையும் உடன்பிறந்தாரும் உயிரோடிருக்கிறார்களா? அவர்கள் வண்டலூரில் இருந்தாலும் வாணியம்பாடியில் இருந்தாலும், இன்று ஜும்ஆ முடிந்ததும் அவர்கள் வாசலுக்குச் செல்லுங்கள். மறைந்துவிட்டார்களெனில், அவர்களுக்காக துஆச் செய்யுங்கள். அவர்கள் பெயரால் தர்மம் கொடுங்கள்.